கட்டு அவிழாத கடைசி ஏடுகள்

கடல் கடந்து போக வேண்டும் என்ற ஆசை எனக்கு ஒருநாளும் இருந்ததில்லை. பரமக்குடியில் பிறந்து, மதுரையில் ஒரு சின்னப் பதிப்பகத்தில் பிழை திருத்திக் காலம் தள்ளுகிறவளுக்குக் கடல் எதற்கு? ஆனால் எங்கள் முதலாளிக்கு ஒரு பிடிவாதம் வந்தால் அது எப்போதும் அடுத்தவர் தலையில்தான் போய் விழும். யாழ்ப்பாணத்தில், பருத்தித்துறைக் கரையோரம் ஒரு கப்பலோட்டிக் குடும்பத்தில் ஓர் ஏட்டுச்சுவடி இருக்கிறதாம். பெயர் 'கதைத்தறி'. கதையையும் காலத்தையும் சேர்த்து நெய்வது எப்படி, நாம் இல்லாத இன்னோர் உலகத்துக்கு அந்த நெசவை எப்படிக் கொண்டுபோவது என்று சொல்லும் பழைய நூலாம். வீட்டை விட்டு வெளியே கொடுக்க மாட்டார்களாம். போய் உட்கார்ந்து எழுதிக்கொண்டு வா என்றார்.

"நீ தறிக்காரர் வீட்டுப் பெண். உனக்குப் புரிகிற மாதிரி அது வேறு யாருக்குப் புரியும்?" என்று ஐஸ் வேறு வைத்தார். புறப்படுகிற அன்று வாசலில் நின்று, "கடைசி எழுத்து வரை வேண்டும். முடிவு இல்லாத புத்தகத்தை நான் அச்சில் ஏற்ற மாட்டேன்" என்று மிரட்டலும் வைத்தார்.

கப்பலில் என் வயிறு பட்ட பாட்டை எழுதினால் படிக்கிறவர்களுக்கும் குமட்டும். அதை விட்டுவிடுகிறேன்.

மானிப்பாயில் எனக்கு இடம் கொடுத்தவர் கிரேஸ் ரீச்சர். முதலாளியோடு பல வருஷமாகக் கடிதத் தொடர்பு உள்ளவர், மிஷன் பள்ளியில் ஆசிரியை. அங்கே 'டீச்சர்' இல்லை, 'ரீச்சர்' தான். ஒரு காலத்தில் நானும் பள்ளியில் தமிழ் சொல்லிக்கொடுத்தவள் என்று வாயை விட்டுவிட்டேன். அன்றிலிருந்து திரும்பும்வரை யாழ்ப்பாணம் முழுக்க எனக்கும் அதே பெயர். முதல் நாள் காலை மேசையில் பாணும் தேங்காய்ச் சம்பலும் வைத்தார்கள். பாண் என்றால் நம் ரொட்டி. கையை நீட்டிவிட்டேன், கிரேஸ் ரீச்சர் கண்ணை மூடி ஜெபம் செய்துகொண்டிருந்தார். நீட்டிய கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் தண்ணீர்க் கோப்பையைப் பிடித்துக்கொண்டேன்.

"சோறு தரேல்லை எண்டு நினைக்காதேங்கோ ரீச்சர். இப்ப அரிசிக்குச் சரியான தட்டுப்பாடு" என்றார்.

சம்பல் இருந்த இருப்பில் எனக்குச் சோற்று நினைப்பே வரவில்லை. அதைச் சொன்னேன். அவருக்கு முகமெல்லாம் சிரிப்பு. பிறகுதான் விஷயத்துக்கு வந்தார்.

"நீங்கள் போற வீட்டிலை பத்மா எண்டொரு பிள்ளை இருக்கு. என்னட்டைப் படிச்சவள். மலைநாட்டிலை, பதுளைப் பக்கம் ஒரு பள்ளிக்கூடத்திலை வேலை கிடைச்சிருக்கு. மாசம் முடியிறதுக்குள்ளை போய்ப் பொறுப்பெடுக்காட்டில் அது வேறை ஆளுக்குப் போயிடும். ஆனால் அவள் போகமாட்டாள்."

"ஏன்?"

"உங்கடை அந்தப் புத்தகத்தாலைதான்" என்றார் கிரேஸ் ரீச்சர். "எனக்கு உதிலை நம்பிக்கை இல்லை. ஆனால் அந்தத் தாயின்ரை முகத்தைப் பாத்தால் நானும் வாயைப் பொத்திக்கொண்டு வந்திடுவன். நீங்கள் வெளியாள். நீங்கள் கதைச்சுப் பாருங்கோ."

ஏடு எழுத வந்தவள் தலையில் இன்னொரு மூட்டை. சரி என்று தலையாட்டினேன். மறுத்துப் பேச எனக்கு எப்போதும் வராது; வந்திருந்தால் கடலே தாண்டியிருக்க மாட்டேனே.

மறுநாள் பருத்தித்துறை பஸ் புத்தூரில் நின்றுவிட்டது. நின்றது என்றால், இனி நகராது என்று எல்லோருக்கும் தெரிகிற மாதிரி ஒரு பெருமூச்சு விட்டு நின்றது. எங்கள் ஊராக இருந்தால் கண்டக்டரின் பரம்பரையே சந்திக்கு வந்திருக்கும். இங்கே ஒருவரும் குரலை உயர்த்தவில்லை. இறங்கினார்கள், நிழல் பார்த்து உட்கார்ந்தார்கள், கதைக்க ஆரம்பித்தார்கள். இங்கே பேசுவதற்கே கதைப்பது என்றுதான் சொல். சாலையின் இரண்டு பக்கமும் வெங்காயத் தோட்டம். எங்கிருந்தோ காய்கிற புகையிலை வாசம் தொண்டையைக் கமறியது.

என் பக்கத்தில் உட்கார்ந்த அம்மாள் என் சேலைக்கட்டைப் பார்த்துவிட்டு, "இந்தியாவோ?" என்றாள். ஆமாம் என்றேன். "ஆரைத் தேடி வந்தனியள்?" பருத்தித்துறையில் கந்தவனம் தண்டையல் வீடு என்றேன். தோணியை நடத்துகிற தலைவனுக்கு அங்கே தண்டையல் என்று பெயர்.

அவள் தன் பையை மடிக்கு இழுத்துக்கொண்டாள். பிறகு, "அவர் கொச்சியிலை ஓடு ஏத்தப் போன மனுசன். ஒரு புயலோடை தோணியும் இல்லை, ஆக்களும் இல்லை. கன வருசம்" என்றாள். பையிலிருந்து நம் கருப்பட்டி மாதிரி ஒரு பனங்கட்டித் துண்டை எடுத்து என் கையில் வைத்தாள். "அங்கை போய் அவர் செத்தவர் எண்டு மட்டும் சொல்லிப்போடாதேங்கோ."

வேறு பஸ் வந்து நாங்கள் ஏறும்போது வெயில் சாய்ந்திருந்தது. பனங்கட்டி முழுவதும் கரைந்திருந்தது. அவள் சொன்னது மட்டும் நெஞ்சில் நின்றுகொண்டிருந்தது.

கந்தவனம் வீடு கடலுக்கு மிகப் பக்கம். குசினியில், அதாவது அடுக்களையில், அலைச்சத்தம் கேட்கும். அவர் மனைவி இராசம்மாவுக்கு ஏறக்குறைய என் வயதுதான். நெற்றியில் பெரிய குங்குமம், கழுத்தில் தாலிக்கொடி. மகள் பத்மா ஒல்லியான, வேகமாக நடக்கிற பெண். வந்ததும் வராததுமாகத் தேத்தண்ணி கொடுத்தார்கள். சீனி கிடைக்கவில்லை என்று பனங்கட்டியைக் கடித்துக்கொண்டு குடிக்கச் சொன்னார்கள். கூடவே அந்த ஊர் வடை. வடை என்றால் நம் வடையை நினைக்காதீர்கள். தட்டையாக, மொறுமொறுவென்று, உறைப்பு காதுக்கு ஏறுகிற மாதிரி. ஒன்று போதும் என்று நினைத்து எடுத்தேன். தட்டு காலியானதும் எனக்கே வெட்கமாகிவிட்டது.

"இன்னும் கிடக்கு, சாப்பிடுங்கோ" என்றார் இராசம்மா. "அவருக்கும் உது எண்டால் உயிர்." 'அவருக்கு உயிராக இருந்தது' என்று சொல்லவில்லை. நான் கவனித்துக்கொண்டேன்.

சாமியறையில் பாய் விரித்து ஏட்டைக் கொடுத்தார்கள். எழுத ஆரம்பித்த அன்றே எனக்கு அந்த நூலின் மேல் ஒரு பிரியம் வந்துவிட்டது. எழுதியவர் யாரோ, பெயர் இல்லை. எந்தத் தலைமுறையில் யார் கொண்டுவந்தார் என்றும் அந்த வீட்டில் யாருக்கும் தெரியாது. ஆனால் தறியில் உட்கார்ந்து உட்கார்ந்து முதுகு வளைந்த ஆள் என்பது வரிக்கு வரி தெரிந்தது. காலம்தான் பாவு என்கிறது நூல். நெய்கிறவர் வந்து உட்காரும் முன்பே அது நீளமாக இழுத்துக் கட்டப்பட்டிருக்கிறது, அதை மாற்ற முடியாது. கதை ஊடை; குறுக்கே ஓடுவது. ஒரு கரை நாம் நிற்கிற உலகம், மறு கரை நாம் நிற்காத உலகம். ஊடை நூலைச் சுமந்து ஓடும் நாடா இரண்டு கரையையும் தொட்டுத் தொட்டுத் திரும்பினால்தான் துணி. அந்த உலகத்தில் காலத்துக்கு வேறு அகலம். இங்கே ஒரு மாதம் அங்கே ஒரு வேளைச் சாப்பாடாக இருக்கலாம்.

இப்படிப் பெரிதாகப் பேசிவிட்டு அடுத்த ஏட்டிலேயே கறாரான விதிகள். அந்த உலகத்தில் இருப்பவரைப் பற்றிச் சொல்லத் தொடங்கினால், முதலில் அவர் என்ன சாப்பிட்டார் என்று சொல். காற்று, மழை, ஊர் எல்லாம் அதற்குப் பிறகு. தெய்வத்தைக் கொண்டுவந்து காரியத்தை முடிக்காதே. கதையைக் கரையில் நிறுத்தாதே, நாடா துணியை விட்டு வெளியே நிற்கும் இடம் அது, அங்கே விட்டால் விழுந்துவிடும். நடுவில் நிறுத்து. எனக்குச் சிரிப்பும் வந்தது, மரியாதையும் வந்தது.

ஏடு பாதிக்கு மேல் எழுதியானபோதுதான் ஒன்று உறைத்தது. எனக்குக் கொடுத்த கட்டு, நூல் முழுவதும் இல்லை. சாமிப் படங்களின் பக்கத்தில் சிவப்புத் துணி சுற்றி, மேலே ஒரு மெல்லிய கயிறு கட்டி, இன்னொரு சிறு கட்டு இருந்தது. அதைக் காட்டிப் பத்மாவிடம் கேட்டேன்.

"அது கடைசி ஏடுகள். முடிக்கிறது எப்பிடி எண்டு அதிலை இருக்காம்" என்றாள் பத்மா. "இந்த வீட்டு ஆம்பிளை ஒருவர் கடலிலை இருக்கிற வரைக்கும் அதை அவிழ்க்கக் கூடாது. வெளிக்கிடேக்கை ஒவ்வொருவரும் தன்ரை கையாலை ஒரு கயிறு கட்டிப்போட்டுப் போவினம். திரும்பி வந்து அவையே அவிழ்ப்பினம். அப்பான்ரை அப்பா காலத்திலையிருந்து எந்த நேரமும் ஆரோ ஒருவர் கடலிலைதானே. ஒரு கயிறு அவிழேக்கை இன்னொரு கயிறு இருக்கும். அதாலை அதை ஒருத்தரும் வாசிச்சதில்லை."

"இப்போது ஒரு கயிறுதானே இருக்கிறது?"

"ஓம். அப்பான்ரை."

முதலாளியின் குரல் காதில் கேட்டது. கேட்காத மாதிரி இருந்துவிட்டேன். அந்தக் கட்டை அவிழ்ப்பது என்றால் கந்தவனம் கடலில் இல்லை என்று இந்த வீடு ஒத்துக்கொள்வது. அதை யார் போய்க் கேட்பது?

வெள்ளிக்கிழமை பொழுது சாய, விளக்கேற்றியதும் பத்மா ஏட்டின் முன்னால் உட்கார்ந்தாள். இராசம்மா நிலைக்கு அருகில் தரையில். இது வாரா வாரம் நடக்கிறதாம். அப்பா போன புதிதில், அம்மாவுக்கு அழுகையில் குரலே வராத நாளில், சிறுமியாக இருந்த பத்மாதான் ஏட்டை எடுத்து வைத்துக்கொண்டு தொடங்கினாளாம்.

"அப்பா குரக்கன் புட்டும் கத்தரிக்காய்க் குழம்பும் சாப்பிட்டார்" என்று ஆரம்பித்தாள்.

எனக்குப் புரியாமல் இராசம்மாவைப் பார்த்தேன். "அவர் சாப்பிட்டதை இண்டைக்கு நாங்களும் சமைப்பம்" என்று மெதுவாகச் சொன்னார். ஆகா, அப்படியா சங்கதி. கடையில் அரிசி இல்லாத வாரத்தில் அந்த உலகத்திலும் அரிசி இல்லை. கெட்டிக்காரப் பெண். ஏற்கெனவே குரக்கன் மாவு, நம் கேழ்வரகு மாவுதான், வறுத்து வைத்திருந்ததை நான் மத்தியானமே பார்த்தேன்.

பத்மா சொன்ன கதையில் கந்தவனம் ஒரு தீவில் தோணியின் கிழிந்த பாயைத் தைத்து முடித்தார். தெற்கிலிருந்து நல்ல காற்று. ஆட்களைக் கூப்பிட்டார், நங்கூரம் எடுத்தார், வீட்டுப் பக்கம் திருப்பினார். திருப்பின கையோடு காற்று விழுந்தது. நடுக்கடலில் தோணி நிற்கிறது, அவர் பாயைப் பார்த்துக்கொண்டு நிற்கிறார். அங்கே நிறுத்திவிட்டாள்.

இராசம்மா எழுந்து குசினிக்குள் போனார். புட்டு நன்றாக இருந்தது.

மறுநாள் கிணற்றடியில் பத்மாவைப் பிடித்தேன். "ஒவ்வொரு வாரமும் இப்படித்தானா? கிளம்புவார், வந்து சேர மாட்டாரா?"

"வேறை என்னத்தைச் சொல்லுறது? வந்திட்டார் எண்டு சொல்லேலாது. வாசல்லை ஆள் இல்லையே. வரமாட்டார் எண்டும் சொல்லேலாது." வாளியைக் கிணற்றில் விட்டாள். "எனக்கே களைச்சுப் போச்சு ரீச்சர். காத்து எத்தினை வகையிலை விழும்? எல்லாத்தையும் சொல்லி முடிச்சிட்டன்."

"பதுளைக்குப் போ. அம்மா சொல்லட்டும்."

"கை மாத்தக்கூடாது."

எனக்குக் கொஞ்சம் கோபம் வந்துவிட்டது. இரண்டு நாள் முன்புதான் அந்த ஏட்டை எழுதியிருந்தேன். நெய்கிறவர் கை மாறலாம், பழைய பாவின் வாலைத் தறியிலேயே விட்டு, புதுப் பாவை இழைக்கு இழை அதோடு பிணைத்துக்கொள் என்று நூலே சொல்கிறது. கூட்டிக்கொண்டுபோய் ஏட்டைக் காட்டினேன்.

"ஓம், இது நாங்களும் வாசிச்சதுதான்" என்றாள் பத்மா, ஒன்றும் புதிதில்லாத மாதிரி. "பிணைச்ச கயிறிலை பெரிய பாய் ஏத்தக்கூடாது எண்டு அப்பா சொல்லுவார். சின்ன வேலைக்கு ஆகும். காத்து இழுக்கேக்கை பிணைச்ச இடத்திலைதான் அறும். அதாலை எங்கடை வீட்டிலை ஆர் தொடங்கினதோ அவைதான் சொல்லவேணும். எங்கடை ஆக்கள் எல்லாரும் அப்பிடித்தான்."

எனக்கு அழுவதா சிரிப்பதா என்று தெரியவில்லை. தறியையே பார்த்திராத தலைமுறைகள், ஒரு தறிப் புத்தகத்தை வைத்துக்கொண்டு, பாய்மரக் கயிற்றால் அதற்கு அர்த்தம் பண்ணியிருக்கிறார்கள். அவர்கள் மேல் என்ன தப்பு? கயிறு அறுந்தால் ஆள் போய்விடுகிற தொழில். பரமக்குடியில் இதே ஏடு இருந்திருந்தால் நாங்கள் அலையைப் பற்றி என்னென்ன எழுதி வைத்திருப்போமோ.

"இது கயிறு இல்லை பத்மா" என்றேன். "எங்கள் ஊரில் சேலை நெய்து முடித்ததும் துணியை அறுத்து எடுப்பார்கள். ஆனால் பாவு முழுவதையும் எடுக்க மாட்டார்கள். அச்சுக்குள்ளும் விழுதுக்குள்ளும் நுழைந்த நுனி அப்படியே தறியில் நிற்கும். புதுப் பாவு வந்ததும் ஒவ்வோர் இழையையும் அந்தப் பழைய நுனியோடு சேர்த்து முறுக்குவார்கள். அப்புறம் இழுத்தால் புதுசு பழசின் வழியிலேயே உள்ளே வந்துவிடும். பிணைக்காத பாவே எங்கள் ஊரில் கிடையாது. என் மாமா தறியில் முதல் இழையைக் கட்டியது யார் என்று மாமாவுக்கே தெரியாது."

பத்மா தையல் நூலை எடுத்து வந்தாள். திருநீற்றுத் தட்டில் விரலைத் தொட்டுக்கொண்டு, இரண்டு நுனியைச் சேர்த்து முறுக்கிக் காட்டினேன். சிறு வயதில் லீவு நாளெல்லாம் இதைச் செய்யச் சொல்லி என்னை உட்கார வைப்பார்கள். அப்போது நான் திட்டாத திட்டு இல்லை. முறுக்கியதைப் பத்மா இழுத்துப் பார்த்தாள். இன்னும் பலமாக இழுத்தாள். நூல் வேறோர் இடத்தில் அறுந்தது.

நிலையடியில் இராசம்மா நின்றுகொண்டிருந்ததை நாங்கள் இருவரும் பார்க்கவில்லை.

"பிணைச்ச இடம் சீலையிலை தெரியாதோ ரீச்சர்?" என்றார்.

"தெரியாது. ஒரு சேலைக்கும் அடுத்த சேலைக்கும் நடுவில் போய்விடும். யார் உடம்பிலும் படாது."

அவர் உள்ளே வந்து உட்கார்ந்தார். கையை நீட்டி நூலைக் கேட்டார். முதல் இரண்டு தடவை பிரிந்துவிட்டது. மூன்றாவது நின்றது. அதைக் கையில் வைத்துப் பார்த்துக்கொண்டே இருந்தார். "நான் போகவேண்டாம் எண்டு இவளுக்குச் சொன்னதே இல்லை" என்றார் என்னிடம். "வெள்ளிக்கிழமைக்கு என்ன செய்யிறது எண்டு மட்டும்தான் கேட்டனான். எனக்கு அவரைப் பற்றிப் பொய் சொல்ல வராது."

பத்மா எழுந்து போய்விட்டாள். கிணற்றடியில் வாளிச் சத்தம் வெகுநேரம் கேட்டது. ஒரு வாளிக்கு அவ்வளவு நேரம் ஆகாது.

அடுத்த நாட்களில் மீதி ஏட்டை எழுதினேன். மத்தியானம் ஒடியல் கூழ் காய்ச்சிக் கொடுத்தார்கள். பனங்கிழங்கு மாவில் மீனும் நண்டும் பலாக்கொட்டையும் போட்ட கூழ். பிளா என்று பனையோலையை மடித்துக் கையில் கொடுத்து அதில் ஊற்றினார்கள். முதல் வாய் குடித்துவிட்டு, இது என்ன கூத்து, கஞ்சியில் நண்டா என்று நினைத்தேன். கடைசி வாய் குடிக்கும்போது மதுரைக்கு இதை எப்படிக் கொண்டுபோவது என்று யோசித்துக்கொண்டிருந்தேன். பத்மாவின் பெட்டி கூடத்தில் திறந்து கிடந்தது. ஒருநாள் அதில் இரண்டு சேலை இருந்தது. மறுநாள் எடுத்துவிட்டிருந்தாள். அதற்கு மறுநாள் திரும்பவும் இருந்தது. எனக்கே பயமாக இருந்தது. நானாக வாயைக் கொடுத்து, ஒரு வீட்டை அசைத்துவிட்டேனே.

அந்த வெள்ளிக்கிழமை விளக்கேற்றியதும் பத்மா வழக்கமான இடத்துக்கு வந்தாள். அங்கே இராசம்மா உட்கார்ந்திருந்தார். பத்மா கொஞ்சம் நின்றாள். பிறகு நிலைக்கு அருகில், அம்மாவின் இடத்தில் போய் உட்கார்ந்தாள்.

இராசம்மா விளக்கின் திரியைத் தூண்டினார். ஏட்டைப் பார்க்கவில்லை. கடல்தான் சத்தம் போட்டுக்கொண்டிருந்தது.

"அவர் மொட்டைக்கறுப்பன் அரிசிச் சோறு சாப்பிட்டார்" என்று ஆரம்பித்தார். "சுறா வறையோடை. வடிவாச் சாப்பிட்டார்."

"வெள்ளிக்கிழமையிலை சுறாவோ அம்மா?" என்றாள் பத்மா. அந்த வீட்டில் வெள்ளிக்கிழமை மரக்கறிதான்.

"அங்கை இண்டைக்கு என்ன கிழமை எண்டு உனக்குத் தெரியுமோ?" என்று கேட்டுவிட்டு இராசம்மா தொடர்ந்தார். "சாப்பிட்டு, கை கழுவிப்போட்டு, தோணியடிக்கு வந்தார். நல்ல காத்து. பாய் ஏத்தினால் நேரை இஞ்சைதான். ஆக்கள் எல்லாம் அவரின்ரை முகத்தைப் பாக்கினம். அவர் வெளிக்கிடேல்லை."

பத்மா நிமிர்ந்தாள்.

"'இந்தப் பிள்ளை கன வருசமா என்னை ஓடவைச்சுக்கொண்டு இருக்குது, எனக்குக் களைச்சுப் போச்சு, கொஞ்சம் இருந்திட்டுப் போறன்' எண்டார். கரையிலை ஒரு பூவரசு நிக்குது. நல்ல நிழல். அதுக்குக் கீழை துவாயை விரிச்சுப் படுத்தார். தோணி தன்ரை பாட்டிலை நிக்குது. ஆரும் அவரை எழுப்பேல்லை. கண் அயர்ந்து வரேக்கை..."

அங்கே நிறுத்திவிட்டார். நூல் சொன்னபடி, நடுவில்.

"பேந்து?" என்று பத்மா கேட்டாள்.

"நீ லீவிலை வரேக்கை சொல்லுறன்."

பத்மா தாயின் மடியில் தலையைச் சாய்த்து அழுதாள். இராசம்மா அழவில்லை, அவள் முதுகைத் தடவிக்கொண்டிருந்தார். எனக்குத்தான் அடக்க முடியவில்லை. எழுந்து குசினிக்குப் போய், மூக்கைச் சிந்திக்கொண்டு, தேவையே இல்லாமல் அடுப்பை ஊதினேன்.

சனிக்கிழமை விடிந்ததும் இராசம்மா துறைக்குப் போய்ச் சுறா வாங்கி வந்தார். எங்கேயோ சொல்லி வைத்து ஒரு கொத்து அரிசியும் வந்தது. மத்தியானம் சோறும் வறையும். மீனை அவித்து, உதிர்த்து, தேங்காய்ப்பூவும் வெங்காயமும் போட்டு வறுத்தது. பல நாளுக்குப் பிறகு சோற்றைக் கண்ட நான் வெட்கத்தையெல்லாம் மூட்டை கட்டி வைத்துவிட்டுச் சாப்பிட்டேன். பத்மாவின் பெட்டி மூடிக் கயிறு போட்டுக் கிடந்தது. மானிப்பாய் வரை இரண்டு பேரும் சேர்ந்து போவது, அங்கிருந்து கிரேஸ் ரீச்சர் அவளை அனுப்பி வைப்பது என்று ஏற்பாடு.

கார் வருவதற்குக் கொஞ்சம் முன்பு இராசம்மா என்னைச் சாமியறைக்குக் கூப்பிட்டார். சிவப்புத் துணிக் கட்டை எடுத்து என் மடியில் வைத்தார்.

"அவர் இப்ப கடலிலை இல்லை ரீச்சர். கரையிலைதானே இருக்கிறார். இனி அவிழ்க்கலாம். உங்கடை வேலை பாதியிலை நிக்கக் கூடாது."

நான் கட்டைப் பார்த்தேன். இத்தனை நாளும் தூரத்திலிருந்தே பார்த்தது. பக்கத்தில் பார்த்தால் கயிறு உப்பேறி வெளுத்திருந்தது. முடிச்சு சின்னது, அழகானது, எந்தப் பக்கம் இழுத்தால் பிரியும் என்றே தெரியாதது. முடிச்சில் மட்டும் கயிறு வழவழவென்று இருந்தது. யாரோ வருஷக்கணக்காக அதை விரலால் தடவியிருக்க வேண்டும்.

"இது அவர் கட்டியதா?"

"ஓம். அண்டைக்கு விடிய, தேத்தண்ணியும் குடியாமல், நிண்டபடி கட்டினவர். அதுக்குப் பிறகு அவர் இந்த வீட்டிலை ஒண்டையும் தொடேல்லை." சொல்லிவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். நான் அவிழ்ப்பதைப் பார்க்கக் கூடாது என்று திரும்பினார் போலிருக்கிறது. கை மட்டும் தாலிக்கொடியைப் பிடித்திருந்தது.

என் விரல் முடிச்சில் இருந்தது. யாரும் வாசிக்காத ஏடு, என் மடியில். பிழை திருத்துகிறவள் புத்தி எப்படிப்பட்டது என்று சொல்லவா? முடிவில் என்ன இருக்கிறது என்று அந்த நேரத்திலும் அரித்தது. அவிழ்த்திருந்தால் அவர் ஒரு வார்த்தை சொல்லியிருக்க மாட்டார். வழியனுப்ப வாசல் வரை வந்திருப்பார். நாங்கள் போன பிறகு அந்தத் தனி வீட்டில் வெறும் கயிற்றைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார்.

"கார் வந்துவிட்டது அக்கா" என்றேன். வரவில்லை. "இப்போது அவிழ்த்தால் எழுதி முடிக்க நேரம் இருக்காது. அரைகுறையாக எழுதினால் முதலாளி கத்துவார். இன்னொரு தடவை வந்து எழுதிக்கொள்கிறேன்."

இராசம்மா திரும்பினார். நான் சொன்னது பொய் என்று அவருக்குத் தெரிந்தது. அவருக்குத் தெரிந்தது என்று எனக்கும் தெரிந்தது. கட்டை என் மடியிலிருந்து இரண்டு கையாலும் எடுத்து, பழைய இடத்தில் வைத்தார்.

"அப்ப கட்டாயம் வாருங்கோ" என்றார். "வாறதுக்கு முன்னம் அறிவியுங்கோ. வடை சுட்டு வைக்கிறன்."

புத்தூர் தாண்டும்போது பத்மா, "ரீச்சர், நீங்கள் அவிழ்க்கேல்லைத்தானே?" என்று கேட்டாள். இல்லை என்றேன். என் தோளில் சாய்ந்து மானிப்பாய் வரை தூங்கினாள்.

மதுரையில் முதலாளி என் கைப்பிரதியைக் கடைசிப் பக்கத்திலிருந்துதான் புரட்ட ஆரம்பித்தார். அவர் பழக்கம் அது. எதிர்பார்த்தது இல்லை என்றதும் கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தார். கடல் தாண்டி அனுப்பி வைத்ததற்கு இதுதானா பலன் என்று ஆரம்பித்து ஒரு பாட்டம் திட்டித் தீர்த்தார். நான் பல்லைக் கடித்துக்கொண்டு நின்றேன்.

"சரி, முடிவு எங்கே?" என்றார் கடைசியில்.

"முடிவு கட்டிக் கிடக்கிறது ஐயா. கட்டினவர்தான் அவிழ்க்க வேண்டும்."

"அவர் எங்கே?"

"மரத்தடியில் தூங்குகிறார்" என்றேன். "எழுந்து வரட்டும்."